பந்தியில் மாமனாரைக் காணோம்

"மாப்ள, இதுல நான் எங்க?"

சக்கரபாணி ரிமோட்டை அழுத்தி அழுத்திக் கல்யாண வீடியோவை ஓட்டினார். அவர் முகம் மட்டும் வரவேயில்லை.

மருமகன் திலீபனும் திரையருகே குனிந்து தேடினான். அவன் அப்பா இயக்குநர், பெரியப்பா ஒளிப்பதிவாளர், இவன் எடிட்டர். சண்டைப் படம், பேய்ப் படம், பக்திப் படம், எதைக் கொடுத்தாலும் வெட்டி ஒட்டிவிடுவான். மனைவி வேல்விழியின் பெரியப்பா மகள் பானுமதி கல்யாணத்துக்கு வரத்தான் நேரமில்லை. தனியாக விருத்தாசலம் வந்த வேல்விழி, கோபித்துக்கொண்டு அப்பா வீட்டிலேயே தங்கிவிட்டாள்.

"வீடியோவையாவது நல்லா பண்ணிக் குடுங்க. அப்பறம் மெட்ராஸ் வரேன்."

கம்ப்யூட்டரோடு ஓடி வந்துவிட்டான். அவனுக்குக் கல்யாணமாகி இரண்டு வருடத்தில் மாமனார் வீட்டுக்கு இது இரண்டாவது வருகை. சொந்தத்தில் பாதிப் பேரை அவனுக்கு அடையாளமே தெரியாது.

"பந்தி முழுக்க நாந்தான சாம்பார் ஊத்துனேன்?" என்றார் மாமனார்.

ஒரே முகூர்த்தத்தில் ஏழு கல்யாணத்துக்கு ஆள் அனுப்பிய ஸ்டூடியோக்காரர் தந்த மூன்று கேசட்டிலும் அவர் இல்லை. இல்லை என்று ஒப்புக்கொள்ளத் தொழில் கௌரவம் விடுமா? மாமனார் பீங்கான் பொம்மை செய்யும் கொட்டகையில் பின்னணிக்குப் பட்டுப் புடவையைத் தொங்கவிட்டு, அவர் கையில் வாளியைக் கொடுத்துப் படம் எடுத்துச் சேர்த்தான்.

மறுநாள் வேல்விழியின் அத்தை கண்ணம்மாள் வந்தாள்.

"அண்ணன் சாம்பார் ஊத்துது. ஆரத்தி எடுத்த நான் எங்க? வயசானவங்கன்னா வெட்டிடுவீங்களோ?"

ஆரத்தியும் கொட்டகையில் எடுக்கப்பட்டது. சேதி தெருவெல்லாம் பரவ, வரிசை வாசல்வரை நின்றது.

"எம் மாம்பழக் கலர் புடவை எங்கங்க?" என்று வேல்விழியே கண்ணைக் கசக்கினாள். ஒரு வாரத்தில் முப்பத்திரண்டு பேர். கல்யாணத்துக்கே வராத காத்தவராயன்கூட அட்சதை போட்டுவிட்டுப் போனார்.

ஞாயிற்றுக்கிழமை வீடே கூடிப் பார்த்தது. தத்தம் முகம் வந்தபோது தத்தமக்குக் கைதட்டிக்கொண்டார்கள்.

"சினிமாக் குடும்பம்னா சும்மாவா!" என்றார் சக்கரபாணி. வேல்விழி பெட்டியைப் பூட்டி வாசலில் வைத்தாள். திலீபனுக்கு உயிர் வந்தது.

சேத்தியாத்தோப்பு பஸ்ஸிலிருந்து புதுப் புருஷனோடு அப்போதுதான் இறங்கி வந்த பானுமதி, நிலைப்படியில் நின்றபடியே டிவியை உற்றுப் பார்த்தாள்.

"எல்லாரும் நல்லாத்தான் இருக்கீங்க. மணையில உக்காந்திருக்கிற பொண்ணும் மாப்பிள்ளையும் யாரு அக்கா?"