நிழலண்ணாச்சி நிறுத்திவைத்த முகூர்த்தம்

தென்காசியிலிருந்து குற்றாலத்துக்கு மூன்று மைல். அதை ஆறு மைலாக நடந்தவர் இந்தப் பூமியில் ஒருவர்தான் உண்டு. அவருக்கு நாங்கள் வைத்த பெயர் நிழலண்ணாச்சி.

யாருடைய நிழலையும் அவர் மிதிக்கமாட்டார். மனிதன், மாடு, மைல்கல், எதுவானாலும் சுற்றிக்கொண்டுதான் போவார். "மனுசனோட மிச்ச ஆயுசு நிழல்லதாம்லே இருக்கு. மிதிச்சா அரை நாழி போயிரும்" என்பார். சந்தை நாளில் அவர் கடைத்தெருவைக் கடப்பது, சுடுமணலில் கொக்கு நடப்பது மாதிரி இருக்கும்.

கால நிழல் மாந்திரீகம் அவர் படிப்பு. செங்கோட்டைக்கு அப்பால் மலைக்காட்டில் ஒரு மலையாள மந்திரவாதியிடம் ஏழு வருஷம் கற்றதாகச் சொல்வார். நிழல் விழாத நேரம் காலக்கணக்கில் சேராது என்பது அவருடைய பெரிய கண்டுபிடிப்பு. அதனால் வருஷந்தோறும் வெயிலே தெரியாத சாரல் மாதங்களைத் தம் வயதில் சேர்க்கமாட்டார். அவர் தம்பிக்கு ஐம்பது நடந்தபோது அவருக்கு முப்பத்தொன்பது.

ஐந்தருவியில் குளிக்க வருகிறவர்களுக்கு எண்ணெய் தேய்த்துவிடும் மாடசாமி ஒருநாள் மடக்கினான். "அப்பம் ராத்திரி, அண்ணாச்சி? ராத்திரியும் நிழல் கெடையாதுல்லா?"

"போலே! ராத்திரிங்கதே பூமியோட நிழல்தாம்லே. அது கணக்குல உண்டு."

இன்னொரு நாள் உச்சிவேளை நிழலைப் பிடித்து ஒரு செம்பில் அடைத்து, மெழுகால் வாயை மூடிக் கொண்டுவந்தார்.

"தொறந்து காட்டுங்க, அண்ணாச்சி."

"தொறந்தா வெளிச்சம் பட்டு செத்துரும்லே."

மாடசாமி செம்பை வாங்கி ஆட்டிப் பார்த்தான். "கனமாத்தான் இருக்கு" என்று திருப்பிக் கொடுத்தான்.

இப்படிப்பட்டவரிடம்தான் என் கல்யாணம் போய் மாட்டிக்கொண்டது.

ஆனி மாதக் கடைசி முகூர்த்தம், பெண்வீடு அச்சன்புதூர். நான் தென்காசியில் ஒரு பலசரக்குக் கடையில் பொட்டலம் மடிக்கிறவன். நாலு பேர் முன்னால் வாய் திறக்கத் தெரியாது. இரண்டு இடத்தில் என்னை வேண்டாமென்று சொல்லியிருந்தார்கள். இந்தப் பெண்ணைப் பார்த்துவிட்டு வந்த நாளிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. அவளுடைய தாய்மாமாவோ பட்டாளத்திலிருந்து திரும்பியவர். சட்டைப் பையில் சங்கிலி போட்ட கடியாரம். என்னைக் கண்டால் பிடிக்காது. ஒரு சாக்குக் கிடைத்தால் போதும், கலைத்துவிடுவார்.

முதல் நாள் நிழலண்ணாச்சி வீட்டுக்கு வந்து என் அம்மாவிடம், "தாலி மேல எவன் நிழலும் விழப்பிடாது தாயி" என்று சொல்லிவிட்டுப் போனார். அம்மா பயந்துபோய்த் தாலியை நெல் குலுக்கைக்குள் புதைத்துவைத்தாள். மறுநாள் வண்டி கட்டி அச்சன்புதூர் போய், நான் மணவறையில் உட்கார்ந்த பிறகுதான் வயிற்றில் அடித்துக்கொண்டாள். தாலி தென்காசியில் நெல்லுக்குள் இருந்தது.

என் அண்ணன் சைக்கிளை எடுத்துக்கொண்டு பறந்தான். வழியெல்லாம் மழைச்சேறு. மாமா கடியாரத்தைத் திறந்து கையில் வைத்துக்கொண்டார்.

"இன்னும் பத்து நிமிசம். அதுக்குள்ள தாலி வரலேன்னா எம் மருமவ எந்திரிச்சிருவா. வேற மாப்பிள்ள பாத்துக்கிடுதோம்."

பெண் நிமிரவே இல்லை.

அப்போது பந்தல்காலைப் பிடித்தபடி நிழலண்ணாச்சி எழுந்தார்.

"வேய் பட்டாளத்தாரே, காலம் நின்னு ஒரு மணி நேரமாச்சு. நீரு என்னத்தப் பாக்கீரு?"

"என்னவே ஒளறுதீரு? கடியாரம் ஓடுது பாரும்!"

"கடியாரம் ஓடும். நிழல் எங்க? வெளிய வந்து பாரும், மானம் மூடி மந்தாரமா கெடக்கு. நிழல் இல்லேன்னா காலம் நவுராது."

"இந்தக் கிறுக்குக் கோட்டிய யாரு இங்கன கூட்டியாந்தது?"

"நான் கோட்டிதாம்வே. போன வெள்ளிக்கெழம உம்ம தண்ணி முறை எப்பம் முடிஞ்சிது? அதச் சொல்லும்."

மாமா முகம் கறுத்துவிட்டது. அந்த ஊரில் கால்வாய்த் தண்ணீரை முறை வைத்துத்தான் பாய்ச்சுவார்கள். வெயிலில் நின்று தன் நிழலைக் காலடியால் அளப்பார்கள். எட்டடி ஆனதும் மடையை அடுத்த வயலுக்குத் திருப்ப வேண்டும். போன வெள்ளியன்று மந்தாரம். நிழல் விழவில்லை, அதனால் தன் முறை முடியவில்லை என்று மாமா பொழுது சாயும்வரை மடையை விடவில்லை. கல்யாணப் பந்தலில் காலைப் பலகாரத்தின்போது பக்கத்து வயல்காரர் இதைச் சொல்லிப் புலம்பியதை அண்ணாச்சி கேட்டிருந்தார்.

"அன்னைக்கு உமக்காவ நின்ன காலம், இன்னைக்கு இந்தப் பிள்ளைகளுக்காவ நிக்காதோ?"

"கேளுங்க அண்ணாச்சி, நல்லாக் கேளுங்க!" என்று அந்த வயல்காரர் பின்னாலிருந்து கத்தினார். "எனக்குச் சொட்டுத் தண்ணி வரல!"

பந்தல் குலுங்கச் சிரிப்பு. காலம் ஓடியது என்றால் தண்ணீருக்குப் பதில் சொல்ல வேண்டும். மாமா வானத்தைப் பார்த்தார், வயல்காரரைப் பார்த்தார், கடியாரத்தை மூடிப் பைக்குள் போட்டார்.

முக்கால் மணி கழித்து அண்ணன் சேறும் நெல்லுமாக வந்து சேர்ந்தான். நான் தாலி கட்டினேன். ராகுகாலம் பிறந்துவிட்டதா என்று ஒருவரும் கேட்கவில்லை.

பந்தியில் அண்ணாச்சியைக் காணோம். கழுத்து மாலையோடு தேடிப்போனேன். சமையல் கொட்டகைக்குப் பின்னால் இலை போட்டுத் தனியாக உட்கார்ந்திருந்தார். சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார், வாயில் வைக்கவில்லை.

"ஏலே மாப்ள, யார்ட்டயும் சொல்லிராத. உங்க அம்மா மொகத்தப் பாத்துக்கிட்டு நின்னேனா... காலம் ஓடுனது எனக்கு நல்லாத் தெரிஞ்சிதுலே. ஒவ்வொரு நிமிசமும் தெரிஞ்சிது. அம்புட்டு வருசப் படிப்பும் பொய்யாப் போச்சு."

கொட்டகைக்குள் போய்ப் பாயச வாளியை நானே தூக்கிவந்தேன். அவர் போதும் போதும் என்று கையால் மறிக்க மறிக்க, இலை கொள்ளாத மட்டும் ஊற்றிக்கொண்டே இருந்தேன்.