மேனேஜருக்குக் கலக்கிய காக்டெயில்

எனக்கு ஒரு வியாதி உண்டு. யாராவது "இது இங்கே யாருக்குமே தெரியாது" என்று சொன்னால் போதும், "எனக்குத் தெரியும்" என்று வாய் முந்திக்கொள்ளும். மூளைக்குச் செய்தி பிறகுதான் போய்ச் சேரும்.

அப்போது அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு பட்டறையில் தற்காலிக வேலை. அது நிரந்தரமாவது மேனேஜரின் கையெழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. மனிதர் கல்கத்தாவிலிருந்து மாற்றலாகி வந்தவர். மதுவிலக்கைத் தளர்த்தியிருந்த சமயம் வேறு. "கடை திறந்து என்ன பிரயோஜனம்? ஜின்னில் பழரசம் கலந்து ஒழுங்காக ஒரு காக்டெயில் செய்ய இந்த ஊரில் ஒருத்தனுக்கும் தெரியவில்லை" என்று அலுத்துக்கொண்டார்.

"எனக்குத் தெரியும் சார்!" (அதுவரை நான் குடித்ததிலேயே பெரிய சரக்கு பன்னீர் சோடா.)

"அப்படியா? ஞாயித்துக்கிழமை உங்க வீட்டுக்கு வரேன்."

ஆவடியில் ராணுவ மெஸ்ஸில் பரிமாறிக்கொண்டிருந்த சிநேகிதன் ஏகாம்பரத்திடம் ஓடினேன்.

"இதுக்கா மச்சான் இப்பிடி வேர்த்துகினு வர்றே?" என்றான். "அன்னாசி, கமலா ஆரஞ்சு, எலுமிச்ச, சக்கரப் பாகு. புளிப்பும் இனிப்பும் சண்ட போடக் கூடாது. குடிக்கிறவனுக்கு ஜின்னு உள்ள கீதுன்னே தெரியக் கூடாது. அதாம்பா பக்குவம்."

கொரட்டூர் வீட்டில் என் மனைவி சரசுவிடம், மேனேஜர் சாப்பிட வருகிறார் என்று மட்டும் சொன்னேன். சாராய வாடை வீட்டுக்குள் வந்தால் கோவில்பதாகைக்கு, தாய்வீட்டுக்கு, மூட்டை கட்டிவிடுவாள். அவள் குழாயடிக்குப் போன நேரத்தில் பழங்களைப் பிழிந்து எவர்சில்வர் தூக்கில் ஊற்றி, முழு ஜின் பாட்டிலையும் கவிழ்த்தேன். புளித்தது, பாகு விட்டேன். தித்தித்தது, எலுமிச்சை விட்டேன். கடைசியில் ஒரு சொட்டு நாக்கில் வைத்தால் சுத்தமான பழரசம்! தூக்கை ஈரத்துணியால் சுற்றித் தண்ணீர்ப் பானை ஓரம் வைத்துவிட்டு, ஐஸ் வாங்க சைக்கிளில் கிளம்பினேன்.

கோணியில் சுற்றிய ஐஸ் கட்டி சட்டையெல்லாம் சொட்டத் திரும்பினால், வாசலில் கார். மேனேஜர் சீக்கிரமே வந்துவிட்டார், மனைவியோடு! குடி என்றாலே காதைப் பொத்திக்கொள்கிற அம்மா அவர். மேனேஜர் குடிப்பதே அவருக்குத் தெரியாது. இருவரும் இலை முன்னால் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். நான் அடுப்படிக்குப் பாய்ந்தேன். தூக்கு காலி.

"இதுல இருந்த பழத்தண்ணி எங்க?"

"ரசம் வெச்சிட்டேன்யா," என்றாள் சரசு, முகமெல்லாம் பூரித்து. "ஒரு கல்யாணத்துல சாப்ட்டதுலேர்ந்து அன்னாசி ரசம் வைக்கணும்னு சொல்லிகினே இருந்தேனா? எனக்குத் தெரியாம நீயே புழிஞ்சி வெச்சிகிறே பாரு!"

"வாயில வெச்சுப் பாத்தியா?"

"விருந்தாளிக்கு முன்னாடி யாராவது எச்சில் பண்ணுவாங்களா? மோந்து பாத்தே உப்பு போட்டுட்டேன். நுரை கட்டினதும் எறக்கிட்டேன். தாளிச்சுக் கொட்டினப்போதான் குபீர்னு பத்திகிச்சு. நெய்யி ஜாஸ்தி போலன்னு தட்டு போட்டு மூடிட்டேன்."

வேலை போயிற்று, பெண்டாட்டியும் போய்விடுவாள்.

கூடத்தில் மேனேஜர் ஒரு கை ரசம் உறிஞ்சி, கண் பிதுங்க என்னைப் பார்த்தார். நான் ஐஸைப் பார்த்தேன். என்ன என்று சொல்வார்? சொன்னால், இந்த ருசி உங்களுக்கு எப்படித் தெரியும் என்று அம்மா கேட்பாரே!

"ரசம் பிரமாதம்! இன்னும் கொஞ்சம் விடும்மா," என்று அந்த அம்மா டம்ளரை நீட்டினார். பிறகு மறுபடியும் நீட்டினார். கொஞ்ச நேரத்தில் கன்னம் சிவந்து, காரணமில்லாமல் சிரிக்க ஆரம்பித்தார்.

"இவர் பட்டறையில புலியாமே? வீட்டுல ஒரு பல்லி விழுந்தா கட்டில்மேல ஏறி நின்னுண்டு என்னைக் கூப்பிடுவார்!"

மேனேஜர் மோர்கூட வாங்காமல் எழுந்து, மனைவியைக் கைத்தாங்கலாகக் காருக்கு அழைத்துப் போனார். அன்றிரவு நான் கண்ணை மூடவில்லை.

மறுநாள் அறைக்குக் கூப்பிட்டார்.

"நேத்து பல்லின்னு ஏதோ பேச்சு வந்ததே..."

"எந்தப் பல்லி சார்?"

என் வேலையை நிரந்தரமாக்கும் காகிதத்தை இழுத்துக் கையெழுத்துப் போட்டார்.

தன் ரசத்தால்தான் என் வேலை நிலைத்தது என்று சரசு ஊரெல்லாம் சொல்லித் திரிந்தாள். நானும் வாயைத் திறக்கவில்லை. பிள்ளைகள் வளர்ந்தபிறகு அவர்களிடம் மட்டும் ரகசியமாக உடைத்தேன். அவள் அன்னாசி ரசம் வைக்கும்போதெல்லாம் எங்களுக்குள் ஒரு கண்ஜாடைச் சிரிப்பு.

போன தீபாவளிக்கும் வைத்தாள். முதல் டம்ளரைக் குடித்துவிட்டு, "அன்னிக்கு வந்த ருசி வரலியே," என்றாள். பிள்ளைகள் சிரிப்பை அடக்கிக்கொண்டார்கள்.

"ஏன்யா, அன்னிக்கு ஊத்தினியே, அந்த பாட்டிலு இப்பவும் கடையில கெடைக்குதா?"

எனக்குப் புரையேறிவிட்டது. "உ... உனக்குத் தெரியுமா?"

"பின்னே? விருந்தாளிங்க போனப்புறம் சட்டியில மீந்த ரசத்தை யாரு குடிச்சான்னு நெனச்சிகினு கீறே?"