குலுக்கு மாஸ்டரின் மூன்று உலுக்கு

திருகோணமலையை அதிகம் உலுக்கியவர் யார் என்று கேட்டால் எல்லோரும் ஜப்பான்காரனைத்தான் சொல்வார்கள். எங்கள் பள்ளிக்கூடத்தில் இருந்தவர்கள் குலுக்கு மாஸ்டரைச் சொல்வோம். ஜப்பான்காரன் உலகப் போரில் ஒரு தடவை குண்டு போட்டுவிட்டுப் போய்விட்டான். மாஸ்டர் நாள் தவறாமல் உலுக்கினார்.

அவர் பௌதிகம் படிப்பித்தார், நான் கணக்கு. இருவரும் ஒரே வாடகை வீட்டில் இருந்தோம். நீளமாக எதைக் கண்டாலும் அவருக்குக் கை துருதுருக்கும். ஒரு முனையைப் பிடித்து உலுக்கி, மேடு ஒன்று மறுமுனைக்கு ஓடுவதைப் பார்த்தால்தான் மூச்சு விடுவார். கொடிக்கயிற்றில் காய்ந்த என் ஒரே வெள்ளை வேட்டி எத்தனை தடவை கிணற்றடிச் சேற்றில் விழுந்தது என்பதைக் கணக்கு மாஸ்டரான நானே எண்ணி முடிக்கவில்லை.

"பாருங்கோ தம்பி, அலை போகுது, கயிறு போகேல்லை!"

"என்ர வேட்டி போயிட்டுதே மாஸ்டர்!"

குண்டு விழுந்த பிறகு பாதி ஊர் ஓடிவிட்டது. மேல் வகுப்பில் ஏழே பேர் மிஞ்சினார்கள். ஏழு பேருக்கு எதற்குப் பௌதிகம் என்று மேலிடம் கேட்டது. பள்ளிக்கூடங்களைப் பார்வையிடும் வித்தியாதரிசி வந்து பாடத்தைப் பார்த்து முடிவு சொல்வாராம். வகுப்பை மூடினால் ஏழு பேரும் எழுதவிருந்த சோதனையும் போச்சு, மாஸ்டரும் மூட்டை கட்ட வேண்டியதுதான். அந்த வாரம் முழுக்க மனுசன் உட்காரவில்லை. சாப்பாடுகூட நடந்துகொண்டேதான்.

அலை காட்டும் கண்ணாடித் தொட்டியோ கையில் இல்லை. தீயணைக்கத் தண்ணீர் நிரப்பி வைக்கவென்று யாரோ கொண்டுபோயிருந்தார்கள். ஆகவே வித்தியாதரிசி வந்த காலையில், அவரையும் ஏழு பேரையும் என்னையும் மாஸ்டர் கடற்கரைக்கு இழுத்துக்கொண்டு போனார்.

அங்கே கரைவலை போட்டிருந்தார்கள். அதன் இரண்டு தலைப்பையும் இரண்டு கூட்டத்தார் தூரத் தூர நின்று ஒரே நேரத்தில் இழுக்க வேண்டும். முன்பெல்லாம் துணி வீசிச் சைகை காட்டுவார்கள். எதிரிக்குக் காட்டும் சைகையோ என்று பயந்து கடற்படை அதைத் தடுத்துவிட்டது. அதனால் ஒரு கூட்டத்திலிருந்து மற்றக் கூட்டம் வரைக்கும் கரையோரமாகக் கயிறு கட்டியிருந்தார்கள். மூன்று உலுக்கு உலுக்கினால் இழுக்கச் சொல்வதாக அர்த்தம். இதெல்லாம் எங்களுக்குப் பிறகு தெரிந்த கதை. மாஸ்டர் கண்டதெல்லாம் சும்மா கிடந்த நீளக் கயிறு.

"ஐயா, வடிவாப் பாருங்கோ," என்று ஓர் உலுக்கு. மேடு ஓடியது. "இன்னொருக்கா." வித்தியாதரிசி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பதற்றத்தில் மூன்றாவதையும் பலமாகக் கொடுத்தார்.

அந்தக் கோடியில் பத்துப் பேர் "ஏலேலோ" என்று இழுக்கத் தொடங்கினார்கள். இந்தக் கோடிக்காரர்கள் ஆறுதலாகத் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தார்கள். வலை கோணிக்கொண்டு ஒரு பக்கமாக வந்தது. வலைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டி கோப்பையை எறிந்துவிட்டு ஓடிவந்தார்.

"ஆரடா கயித்தை ஆட்டினது? மீனெல்லாம் தப்பப் போகுது!"

"நான்தான், மன்னிச்சுக்கொள்ளுங்கோ," என்றார் மாஸ்டர். "ஆனா ஒண்டு சொல்லுங்கோ. கயிறு இங்கயிருந்து அங்க போனதோ?"

"கயிறு எங்க போறது? நீ ஆட்டினது போய்ச் சேந்திட்டுதே, அது காணாதோ?"

மாஸ்டர் முகமெல்லாம் பல்லாகத் திரும்பினார். "கேட்டீங்களோ ஐயா? ஒரு மாசமா நான் படிப்பிக்கிறது இதைத்தான்!"

"படிப்பெல்லாம் பிறகு, முதல்ல இழுங்கோ!" என்று சம்மாட்டி கத்தினார். எல்லோரும் இழுத்தோம். வித்தியாதரிசியும் காற்சட்டையை முழங்காலுக்கு மடித்துக்கொண்டு இழுத்தார். மீன் பாதிதான் தப்பியது. வகுப்பு முழுதாகத் தப்பியது.

"வகுப்பு நடக்கட்டும்," என்றார் அவர், சிவந்த உள்ளங்கையை ஊதிக்கொண்டே. "ஆனா இனிமேல் என்னைக் கூப்பிடாதேயுங்கோ."

ஏழு பேரும் சோதனை எழுதினார்கள். போர் முடிந்ததும் மாஸ்டர் மாற்றலாகிப் போனார். மறுநாள் மாலை பள்ளிக்கூடம் விட்டு வந்து பார்த்தேன். வேட்டி கொடியிலேயே வெள்ளை வெளேரென்று காய்ந்து தொங்கியது. எனக்கு அதைப் பார்க்கவே பிடிக்கவில்லை. கிட்டப் போய், கயிற்றின் முனையைப் பிடித்து, நானே ஓர் உலுக்கு உலுக்கினேன்.