வினை முற்றாத துறை

உலகத்தில் எத்தனையோ துறைகள் உண்டு. ஆனால் பேரழிவு, பெருநன்மை இரண்டையும் ஒரே கையால் தடுத்து நிறுத்திய பெருமை எங்கள் மெய்த்தாள் பாதுகாப்புத் துறைக்கு மட்டுமே உரியது. அதில் நான் வினைமுற்று அலுவலர் என்று சொல்லும்போதே எனக்கு நெஞ்சு நிமிர்கிறது.

மெய்த்தாள் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் வானத்தில் இரண்டு நிலவுகள். சின்னது வருடத்துக்கு ஒருமுறை பாம்பைப்போலச் சட்டை உரிக்கும். மலைமேல் விழும் அந்தச் சட்டையை ஊறவைத்து, அடித்து, காயவைத்தால் மெய்த்தாள். அதில் எதை எழுதினாலும் நடந்துவிடும். நடக்கும்போது தாள் ஒருமுறை சிலிர்க்கும். ஏற்கெனவே உண்மையாக இருப்பதை எழுதினால் மட்டும், இதுதான் தெரிந்த விஷயமாயிற்றே என்று சும்மா கிடக்கும்.

ஒரு காலத்தில் இதில் ஆளாளுக்கு எழுதிக்கொண்டிருந்தார்கள். அடடா, என்ன கொடுமை! தெருமுனைத் தையற்காரர் கோபத்தில் மனைவியைக் 'கழுதை' என்று எழுதித் தொலைத்தார். இன்றைக்கும் புல்லுக்கட்டும் கையுமாக மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருக்கிறார். எங்கள் எழுத்தர் ஒருவர் விடுப்புக் கடிதத்தில் 'தலை சுற்றுகிறது' என்று எழுதினார். அன்று தொடங்கியது இன்னும் சுற்றுகிறது. எல்லாப் பக்கமும் பார்த்து முடிவெடுப்பவர் என்று அவரைத் துணை இயக்குநர் ஆக்கினோம்.

இந்த அபாயத்துக்குத் துறை கண்டுபிடித்த மருந்துதான் 'ஆவன செய்யப்படும்'. யார் செய்வார்? தெரியாது. என்ன செய்வார்? தெரியாது. எப்போது? 'படும்'போது. தாளும் பாவம், ஒன்றும் புரியாமல் கொட்டாவி விட்டுத் தூங்கிப்போகும். எந்த வாக்கியத்திலும் வினை முற்றிவிடாமல் பார்த்துக்கொள்வது என் வேலை.

இப்படி நிம்மதியாகப் போய்க்கொண்டிருந்த துறைக்குள் ஒரு காலையில் பிரசவ விடுதி மருத்துவச்சி கதவைக்கூடத் தட்டாமல் நுழைந்தார்.

"அய்யா, விடுதித் தொட்டி வறண்டு கெடக்கு. உள்ள ஒரு பொண்ணு வலியில துடிக்குது. எனக்குக் கை கழுவக்கூடத் தண்ணி இல்ல. 'தொட்டியில தண்ணி இருக்கு'ன்னு ஒரே ஒரு வரி எழுதிக் குடுங்க, புண்ணியமாப் போகும்!"

இயக்குநர் உடனே கூட்டம் கூட்டினார். என்ன வேகம்! தேநீரே அதற்குப் பிறகுதான் வந்தது.

"'இருக்கு'ன்னா எவ்வளவு இருக்கு? ஊரே மூழ்கிட்டா யாரு பொறுப்பு?" என்றார் துணை இயக்குநர். அதற்குள் முகம் அந்தப் பக்கம் திரும்பிவிட்டதால் 'பொறுப்பு' சுவரிடம் போய்ச் சேர்ந்தது.

நான் இன்னும் நுட்பமாகப் போனேன். "தண்ணீர்னா குளிர்ந்த நீர்னு அர்த்தம்மா. உங்களுக்கு வேண்டியது வெந்நீரா இருந்தா என்ன பண்றது?"

மருத்துவச்சி என்னை ஏற இறங்கப் பார்த்தார். "ஓஹோ, நீங்கதானா? உள்ள படுத்திருக்கிறது உங்க தங்கச்சிங்க. 'எங்க அண்ணன் அந்த ஆபீஸ்லதான் இருக்காரு, கேட்டா உடனே எழுதிடுவாரு'ன்னு அவதான் என்னை அனுப்பிச்சா."

என் கை தானாகவே பேனாவை எடுத்தது. இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் கடமை என்று ஒன்று இருக்கிறதல்லவா? உறவுக்காக ஒரு வினைமுற்றை விட்டுக்கொடுத்தால் நாளைக்கு ஆளுக்கொரு தங்கச்சியோடு வந்து நிற்பார்கள். ஒரு மெய்த்தாளை எடுத்து, என் பணிக்காலத்தின் தலைசிறந்த வாக்கியத்தை எழுதினேன்: 'மேற்படி தொட்டியில் நீர் இருத்தல் குறித்து ஆவன செய்யப்படும்.'

தாள் கொட்டாவி விட்டது.

"இதை வெச்சு நான் எப்படிக் கை கழுவறது?" என்றார் மருத்துவச்சி.

எங்களிடம் போய்க் கேட்கிறார்! கைகழுவுவதில் எங்கள் துறைக்கு உள்ள அனுபவம் வேறு யாருக்கு உண்டு?

"தள்ளுய்யா அந்தப் பக்கம்!" என்று பேனாவைப் பிடுங்கினார். என் வாக்கியத்துக்குக் கீழேயே கிறுக்கினார்: 'தொட்டி நெறஞ்சாச்சு. தாயும் புள்ளையும் நல்லா இருக்காங்க.'

'நெறஞ்சாச்சு'! அகராதியிலேயே இல்லாத வினைமுற்று! தாள் மழையில் நனைந்த கோழியைப்போல உடம்பு முழுக்கச் சிலிர்த்தது. தெருக்கோடி விடுதியிலிருந்து தண்ணீர் கொட்டும் சத்தம் கேட்டது. பின்னாலேயே ஒரு குழந்தை வீறிட்டது. மருத்துவச்சி பேனாவைப் போட்டுவிட்டு ஓடினார். அப்பாடா என்று எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. அலுவல் நேரமென்பதால் துடைத்துக்கொண்டேன்.

இயக்குநருக்கோ முகம் வெளிறிவிட்டது. "அய்யய்யோ, நம்ம அலுவலகத்துல ஒரு காரியம் நடந்துபோச்சு! மேலிடத்துக்கு என்ன பதில் சொல்றது? நமக்கும் இதுக்கும் சம்பந்தமில்லைன்னு உடனே எழுதுங்க. மெய்த்தாள்லயே எழுதுங்க, அப்பதான் அது உண்மையாகும். அண்ணன்காரன்னு உங்க பேரும் அடிபடும், உங்களையும் சேத்துக்கங்க. 'ஆவன' கீவனன்னு இழுக்காம பளிச்சுன்னு எழுதுங்க!"

என் பணிக்காலத்தில் முதன்முறையாகப் பளிச்சென்று எழுதினேன்: 'இந்தத் துறையும் நானும் அவர்களுக்காக எதுவும் செய்யவில்லை.'

மூவரும் குனிந்து, தாள் சிலிர்ப்பதற்காகக் காத்திருந்தோம். துணை இயக்குநரின் தலைகூடச் சற்றுத் தயங்கி நின்றது. தாள் சும்மா கிடந்தது.

"ஏன்யா சிலிர்க்கல? தாள் கெட்டுப்போச்சா?" என்றார் இயக்குநர்.

"தாள் நல்லாத்தாங்க இருக்கு" என்றேன்.