அத்தான் கேட்ட பழைய பிளகின்

மதிப்பிற்குரிய அத்தான் அவர்களுக்கு,

மைத்துனன் பணிவுடன் எழுதுவது. இங்கே நானும் என் ஸ்டுடியோவும் ஏதோ உயிரோடு இருக்கிறோம். அங்கே உங்கள் தொண்டையும் அக்காவின் காதுகளும் நலமாக இருக்க வேண்டுகிறேன்.

பாட்டுப் பதிவுக்கு வந்த அன்றே சொன்னேன், சுருதி விலகினால் இப்போதுள்ள மென்பொருளிலேயே யாருக்கும் தெரியாமல் திருத்திவிடலாம் என்று. விட்டீர்களா? "தெரியாம எதுக்குடா? நான் இளவட்டமா இருந்தப்போ பாட்டுல குரல் மெஷின் மாதிரி வெட்டி வெட்டி வருமே, அந்தப் பழைய பிளகின்தான் வேணும்" என்று ஒற்றைக்காலில் நின்றீர்கள். மென்பொருளோடு ஒட்டிக்கொண்டு ஓடும் அந்தக் குட்டி நிரலைச் செய்தவர்களே அதைக் கைகழுவிப் பல வருஷமாகிறது. என் புதிய மென்பொருள் அதை வாசலிலேயே நிறுத்திவிட்டது. சரி, அக்கா வீட்டுக்காரர் ஆசைப்படுகிறார் என்று கணினியைத் துடைத்துப் பழைய பதிப்பைப் போட்டேன். பிளகின் திறந்தது, மற்றதெல்லாம் மூடிக்கொண்டது. முடியும் தறுவாயில் இருந்த டீச்சரம்மாவின் குழந்தைப் பாட்டு ஆல்பத்தைப் பழைய பதிப்பு ஏறெடுத்தும் பார்க்கவில்லை. அன்றைக்கென்று அந்தம்மாவும் வந்து நின்றார். "என் பாட்டு எங்க தம்பி?" "திறக்கமாட்டேங்குதும்மா." ஒரு வார்த்தை திட்டவில்லை. குரல் பதிவுகளை வாங்கிக்கொண்டு அடுத்த தெரு ஸ்டுடியோவுக்குப் போய்விட்டார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

நீங்கள் சொன்னபடியே திருத்தும் வேகத்தைக் கடைசிவரை திருகினேன். நீங்கள் குழைந்து இழுத்த இடமெல்லாம் மாடிப்படி ஆனது. நடுவில் இருமினீர்களே, அதையும் பிடித்துச் சுருதியில் நிறுத்தியது. மொத்தப் பாட்டிலும் கேட்கும்படி இருந்தது அந்த இருமல்தான். வெளியீட்டு மேடையில் ஒருவர் "என்ன பிளகின் சார்?" என்று கேட்டதற்கு என்ன சொன்னீர்கள்? "பிளகினா? பொறவிக் குரலுங்க இது. மச்சினன் சும்மா பட்டனைத் தட்டினான்!" சபையே கைதட்டியது. நானும் தட்டினேன், வேறென்ன செய்ய?

இனி என் ஸ்டுடியோ பக்கம் தலைவைத்துப் படுக்காதீர்கள். நீங்கள் பல்லாண்டு வாழ வேண்டும். பாடாமல் வாழ்ந்தால் அக்கம்பக்கத்தாரும் வாழ்வார்கள். அக்காவுக்கு என் அன்பு.

இப்படிக்கு,
பட்டன் தட்டுபவன்

பின்குறிப்பு: உறையை ஒட்டுவதற்குள் அக்கா போன் செய்தாள். "இந்தப் பாட்டுல நான் எங்க இருக்கேன்னு கேக்கறாருடா. குளிக்கும்போதுகூட இப்ப பாடறதில்ல. வீடே வெறிச்சுனு கிடக்கு" என்று அழுதாள். திருத்தாத பதிவைத் தேடியெடுத்துக் கேட்டேன். சுருதி அங்கங்கே கழன்றுதான் போகிறது. ஆனாலும் பக்கத்தில் உட்கார்ந்து நீங்களே பாடுவதுபோல் இருந்தது. இன்னொரு தடவை போட்டுக் கேட்டேன். அதையே வெளியிடுவோம். நாளைக் காலை வாருங்கள் அத்தான், அடுத்த பாட்டுக்கு மைக் போட்டு வைக்கிறேன்.