குற்றாலத்தில் படம் பிடித்த ரெட்டை அண்ணாச்சி

தன்னோடு தானே சண்டை போட்டு, தன்மேல் தானே கோபித்துக்கொண்டு, மத்தியானச் சாப்பாட்டையும் மறுத்த மனிதர் உலகத்திலேயே எங்கள் ரெட்டை அண்ணாச்சி ஒருவர்தான்.

யுத்த காலம். தென்காசியில் ஓர் அரிசி மண்டி முதலாளிக்குப் பேசும்படம் எடுக்கும் ஆசை வந்தது. பட்டணத்து ஸ்டூடியோ வேண்டாம், எல்லாம் நம்மூரிலேயே என்றார். கேமராவும் தெரியும், ஒலிப்பதிவும் தெரியும் என்று ஒருவர் வந்து நின்றார். இரண்டு வேலையும் அவர் தலையில் விழுந்ததால் ரெட்டை அண்ணாச்சி ஆனார். நான் அப்போது தாலுகா ஆபீஸ் குமாஸ்தா. முதலாளியின் கோட்டு எனக்குத்தான் பொருந்தியது. ஆகவே நான் கதாநாயகன்.

காதில் ஹெட்போன், கண்ணில் கேமரா. ஒவ்வொரு ஷாட் முடிந்ததும் எழுந்து நின்று பஞ்சாயத்து வைப்பார்.

“கேமராக்காரன் சொல்லுதான், வெளிச்சம் பிரமாதம்னு. சவுண்டுக்காரன் சொல்லுதான், கேமரா நெல்லு மிஷின் மாதிரி இரையுதுன்னு. இப்ப நான் யாரு பேச்சக் கேக்க?”

சவுண்டுக்காரன் ஜெயித்தான். கேமராவுக்கு இரண்டு மெத்தையும் ஒரு கம்பளியும் சுற்றப்பட்டன. மெத்தைக்குள் தலையை விட்ட கேமராக்காரனுக்கு மூச்சு முட்டியது. அன்றுதான் அண்ணாச்சி சாப்பிடவில்லை.

“அந்த சவுண்டுக்காரன்கூட ஒக்காந்து எப்படிவே சாப்பிட?” என்றார்.

கடைசிக் காட்சி குற்றாலத்தில். பெரிய அருவிக்குக் கீழே, ஆற்றின் நடுப்பாறையில் நானும் கதாநாயகி ராஜமும் பிரியவேண்டும். பிலிம் கிடைக்காத காலம். மிச்சமிருந்தது ஒரே சுருள். கேமராவை ஆற்றுக்குள்ளேயே எங்களுக்கு எதிரே ஒரு தாழ்ந்த பாறையில் நிறுத்தியிருந்தார் அண்ணாச்சி. சாரல் தொடங்கியிருந்தாலும் அருவி இன்னும் மெலிதாகத்தான் விழுந்தது. ஒத்திகையில் ராஜம் உருக்கமாக, “என்னை மறந்துவிடாதீர்கள்” என்றதும் கரையிலிருந்து ‘படார்’ என்று பதில் வந்தது. எண்ணெய் தேய்க்கும் சுடலைமுத்து ஒரு தடித்த முதுகில் மும்முரமாக இருந்தார்.

“சத்தமில்லாம தேய்க்க முடியாதாவே?” என்று கேட்டார் அண்ணாச்சி.

“தட்டாம எண்ணெய் எறங்குமா அண்ணாச்சி? முதுகு அவரு முதுகு. அவருகிட்ட கேளும்.”

முதுகு சம்மதிக்கவில்லை. கடைசியில் ஓர் உடன்பாடு வந்தது. படத்தையும் ஒலியையும் பின்னால் பொருத்துவதற்கு ஷாட்டின் ஆரம்பத்தில் ஒரு தட்டுச் சத்தம் வேண்டும். அதைச் சுடலைமுத்து அந்த முதுகிலேயே போடுவது. பிறகு ஷாட் முடியும்வரை கையைக் கட்டிக்கொண்டிருப்பது.

“படார்!”

கேமரா முதுகைப் பார்த்துவிட்டு எங்களிடம் திரும்பியது. ராஜம் நிஜமாகவே அழுதாள். நானும் கோட்டுப் பொத்தானைப் பிடித்துக்கொண்டு உருகினேன். திடீரென்று அண்ணாச்சி கேமராவிலிருந்து தலையைத் தூக்கினார். பாறையோரம் வைத்திருந்த மைக் எதையோ அவர் காதுக்குச் சொல்லிவிட்டது.

“ஏலே, மலைமேல தண்ணி உறுமுது! கரைக்கு ஓடுங்கலே!”

எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. அருவி பழையபடியே விழுந்துகொண்டிருந்தது. கரையில் முதலாளி, “சுருள் ஓடுதுவே!” என்று அலறினார். அண்ணாச்சி ஹெட்போனைக் கழற்றி எறிந்துவிட்டுத் தண்ணீரில் பாய்ந்து வந்தார். ஒரு கையில் ராஜத்தின் கை, மறு கையில் என் கோட்டுக் காலர். இழுத்த இழுப்பில் காலர் கிழிந்தது.

நாங்கள் கரையேறி மூச்சு வாங்குவதற்குள் அருவி செம்மண் நிறத்தில் பொங்கி இறங்கியது. நடுப்பாறையைக் காணோம். கேமராவையும் காணோம். மெத்தைகள் மட்டும் கொஞ்ச தூரம் மிதந்து போயின.

முதலாளி தலையில் கைவைத்து உட்கார்ந்தார். “கேமராவத் தூக்கிட்டு வந்திருக்கக் கூடாதாவே?”

“கேமராக்காரன் தூக்கத்தான் பாத்தான் முதலாளி. சவுண்டுக்காரன் விடல.”

முதலாளி எழுந்து வந்தார். பிறகு தம் தோள் துண்டை எடுத்து, நடுங்கிக்கொண்டிருந்த அண்ணாச்சியின் தலையைத் துவட்டிவிட்டார்.

படம் வெளிவரவேயில்லை. அதில் நடித்த நாங்கள் எல்லோரும் அன்று சாயங்காலம் வீடு வந்து சேர்ந்தோம்.