குறட்டைக்கு அழுத ஊர்

"என் இசையைக் கேட்டா எங்க மாமனாரே அழுவார் சார்" என்றார் இசையமைப்பாளர், போனில்.

கூடத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த மாமனாருக்கும் அது கேட்டது. அவர் ஓய்வு பெற்ற சிறை அதிகாரி. பல் பிடுங்கும்போது டாக்டருக்கே தைரியம் சொன்னவர். சிரிப்பதற்குக்கூட மேலிடத்து உத்தரவு வரட்டும் என்று காத்திருப்பவர்.

"நடக்கிற கதையாப் பேசுங்க, மாப்ளே" என்று பக்கத்தைத் திருப்பினார்.

டைரக்டர் விடவில்லை. "உங்க மாமனார் கிடக்கட்டும். சாயங்காலம் சீரியல்ல கதாநாயகி சாகுறா. ஊரே அழணும். இல்லேன்னா நாளையிலேர்ந்து வேற ஆளு."

இசையமைப்பாளர் கீபோர்டிலேயே ஒரு வயலின் பட்டாளத்தை இறக்கி அனுப்பினார்.

"இது சாவு வீடா, கல்யாண வீடா?" என்றார் டைரக்டர்.

பட்டாளத்தைக் கலைத்துப் புல்லாங்குழலைச் சேர்த்தார்.

"செத்தவ எழுந்து ஆடிடுவா போலிருக்கே. கடைசியா ஒண்ணு அனுப்புங்க. கேக்கக்கூட நேரமில்ல, அப்படியே போட்டுடறேன்."

வியர்த்துப்போனவர், தூசி படிந்த நிஜ வயலினை எடுத்தார். மைக்கைப் போட்டார். கண்ணை மூடி வாசித்து முடித்தார். மைக்கை அணைக்க மறந்து, முகம் கழுவப் போனார். திரும்பி வந்த பதற்றத்தில், வேண்டாத பாகத்தை வெட்டி எறிந்துவிட்டு மீதியை அனுப்பினார்.

அனுப்பிய பிறகுதான் போட்டுக் கேட்டார். வயலின் இல்லை. வெட்டி எறிந்தது அதைத்தான். மிச்சம் இருந்தது, அவர் முகம் கழுவியபோது மைக் சும்மா பிடித்து வைத்த சத்தம்: "ஹ்ர்ர்... க்ஹ்ம்... ஹ்ர்ர்..."

மனைவி எட்டிப் பார்த்தாள். "பக்கத்து ரூம்ல அப்பா படுத்திருந்தார். அவர் குறட்டைங்க."

டைரக்டர் போன் எடுக்கவில்லை. சீரியல் தொடங்கிவிட்டது. மூவரும் டிவி முன் உட்கார்ந்தார்கள். கதாநாயகி கண்ணை மூடினாள். "ஹ்ர்ர்... க்ஹ்ம்..."

பிழைப்பு போயிற்று என்று இசையமைப்பாளரும் கண்ணை மூடிக்கொண்டார்.

தெருவே விம்மியது. எதிர் வீட்டில் மூக்கு சிந்திய சத்தத்தில் இந்த வீட்டு ஜன்னல் அதிர்ந்தது. போன் அடித்தது.

"யாருய்யா அந்தக் குரல்?" டைரக்டர் மூக்கை உறிஞ்சினார். "ஆபீஸ்ல ஒருத்தன் பாக்கியில்லாம அழறான். நாளைக்கு அவரை ஸ்டுடியோவுக்குக் கூட்டிட்டு வாங்க. அவர் வந்தா நீங்க இருக்கலாம்."

இசையமைப்பாளர் மாமனாரின் காலடியில் உட்கார்ந்தார். "மாமா, என் வேலையே உங்க குறட்டையிலதான் இருக்கு."

"எனக்குக் குறட்டை வராது."

"ஊரே கேட்டிருக்குப்பா" என்றாள் மகள். "நாளைக்கு அங்க போய்ப் படுத்துத் தூங்குங்க, போதும்."

"தூங்கினா அது வராதும்மா."

மாமனார் பேப்பரை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்தார். தலைகீழாக. அதன் பின்னாலிருந்து குரல் மட்டும் வந்தது.

"நான் தூங்கவேயில்ல, மாப்ளே. காலையில நீங்க சொன்னது நடந்துபோச்சு. நாளைக்கு மறக்காம வயலினை எடுத்துக்குங்க."